முகத்தைக் காட்ட மாட்டோம்

இதில் ஒருவர் பெயரும் வராது. பெயரை விட்டுவிட்டால் ஆளை மறைத்துவிடலாம் என்ற நம்பிக்கையால் அல்ல. அந்த நம்பிக்கை எழுபதுகளின் தொடக்கத்தில், புதுவாயலில், ஒரு வெள்ளைத் திரைக்கு முன்னால் ஐந்தே நிமிடத்தில் போய்விட்டது. வேறு வழி தெரியாததால் விடுகிறேன், அவ்வளவுதான்.

அப்போது நான் கும்மிடிப்பூண்டி வட்டாரத்தில் குடும்பக் கட்டுப்பாட்டுப் பிரிவில் வேலை பார்த்தேன். பெண்கள் மத்தியில் நான் ‘நர்ஸம்மா’. ஆண்கள் கூடி நிற்கும் டீக்கடைப் பக்கம் போனால் வெறும் ‘அந்தம்மா’. அந்தம்மா வருது என்றதும் பாதி கிளாஸ் டீயை அப்படியே வைத்துவிட்டு நழுவியவர்கள் உண்டு. கையோடு கத்தி கொண்டுவந்து பெஞ்சிலேயே படுக்கவைத்து அறுத்துவிடுவேன் என்று நினைத்தார்களோ என்னவோ. என் பையில் இருந்ததெல்லாம் சிவப்பு முக்கோணம் போட்ட நோட்டீஸ், ஒரு பதிவேடு, மதியத்துக்குத் தயிர்சாதம்.

என் வீட்டிலேயும் இதே கதைதான். திருவள்ளூரில் கோயில் கைங்கர்யத்தில் இருந்த என் அப்பா, கேட்பவர்களிடமெல்லாம் “ஆஸ்பத்திரியில இருக்கா” என்று மட்டும் சொல்வார். ஆஸ்பத்திரியில் என்ன வேலை என்று யாராவது தோண்டினால், கோயிலுக்கு நேரமாகிவிட்டது என்று துண்டை உதறிக்கொண்டு கிளம்பிவிடுவார். நடை சாத்தியிருக்கும் நேரத்தில்கூட அவருக்குக் கோயிலுக்கு நேரமாகிவிடும்.

நெடுஞ்சாலை ஓரம் புதுக் கம்பெனிகள் எழும்பிக்கொண்டிருந்த காலம் அது. நேற்று வரை நாற்று நட்டவர்கள் லாரியிலிருந்து சிமெண்ட் மூட்டை இறக்கினார்கள். எங்கள் பக்கத்தில் ஒரு மேஸ்திரியிடம் ஒன்பது பேர் மூட்டை தூக்கினார்கள். லாரியிலிருந்து கொட்டகை வரை ஒரே ஒற்றையடிப் பாதை. காலையிலிருந்து சாயங்காலம் வரை ஒருவர் பின்னால் ஒருவராக, தலையில் சும்மாடு வைத்து அதன்மேல் மூட்டையோடு நடப்பார்கள். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். நான் நினைவில் வைத்துக்கொள்ளாமல்தான் கெட்டேன்.

மேஸ்திரி கெட்டவர் இல்லை. ஆனால் ஒரு விஷயத்தில் மட்டும் அவர் எந்த டாக்டருக்கும் மேல். “ஆபரேஷன் பண்ணிக்கினவன் ஒடம்புல இன்னாம்மா கீது? அவன் தூக்குற மூட்ட பாதி வழியில எறங்கிடும். என் வரிசையில அப்படி எவனாவது இருந்தான்னா கையில தொடப்பத்த குடுத்து பெருக்கச் சொல்லிடுவேன்” என்பார். பெருக்குபவருக்கு மூட்டை தூக்குபவரின் கூலியில் பாதிகூடக் கிடைக்காது. மானமும் போய்விடும்.

அதனால் அவருடைய ஆட்கள் என்னிடம் வந்ததெல்லாம் பின்வாசல் வழியாக. ஆபரேஷன் முடிந்து ஒரு வாரம் கனம் தூக்கக் கூடாது என்பதால் லீவு வேண்டும். லீவுக்குக் காரணம் வேண்டும். ஆளாளுக்கு ஒரு மாமனைச் சாகடித்தார்கள். அந்த வருஷம் அந்த வரிசையில் மாமன்மார் அடுத்தடுத்துப் போய்ச் சேர்ந்தார்கள். செத்துப்போன ஒரு மாமன் இரண்டு மாதம் கழித்து ஆர்.கே.பேட்டையிலிருந்து பஸ் ஏறி வந்து, அதே மேஸ்திரியிடம் வேலை கேட்டார். “அது பெரிய மாமா, இவரு சின்ன மாமா” என்று சமாளித்தார்கள்.

அந்த ஆர்.கே.பேட்டை மாமனுக்கு மருமகனைத்தான் எல்லோரும் ‘அண்ணாத்த’ என்று கூப்பிடுவார்கள். நானும் அப்படியே சொல்கிறேன். மூன்று பெண் குழந்தைகளுக்கு அப்பா. நிதானமான மனிதர். வரிசையில் முதல் ஆளாக நடப்பார். ஆபரேஷன் ஆனது அவர் மனைவிக்கும் எனக்கும் டாக்டருக்கும் மட்டுமே தெரியும். எட்டு மாதமாக எல்லோரைவிடவும் அதிகமாக மூட்டை தூக்கிக்கொண்டிருந்தார்.

அப்போதுதான் மெட்ராஸிலிருந்து ஒரு ஜீப்பில் படம் எடுப்பவர்கள் வந்து இறங்கினார்கள். டைரக்டர் இளைஞர். தாடி, ஜோல்னாப் பை, வாய் நிறைய நல்ல எண்ணம். குடும்பக் கட்டுப்பாட்டைப் பற்றிச் செய்திப்படம் எடுக்கிறாராம்.

“நடிகர் வேண்டாம் சிஸ்டர். நிஜமா ஆபரேஷன் பண்ணிக்கிட்ட ஒரு தொழிலாளி வேணும். அவர் வாழ்க்கையை அப்படியே எடுக்கணும்.”

“கூச்சப்படற விஷயம் சார். யாரும் முன்னால வர மாட்டாங்க.”

“முகத்தைக் காட்ட மாட்டோம். ஒருத்தரோட அந்தரங்கத்தை நம்பி நம்மகிட்ட குடுக்கறார் இல்லையா? அவரைக் காப்பாத்தறது எங்க தர்மம்.”

அரை மணி நேரம் தர்மத்தைப் பற்றிப் பேசினார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. என் இலாகாவையும் தர்மத்தையும் ஒரே வாக்கியத்தில் வைத்துப் பேசிய முதல் ஆள் அவர். என் அப்பாகூடப் பேசியதில்லை. போதாததற்கு, படத்தில் நானும் வருவேன் என்றார். அன்றைக்கே ஒரு காட்டன் புடவையைக் கஞ்சி போட்டு வைத்தேன்.

அண்ணாத்த முடியாது என்றார். மறுநாளும் கேட்டேன். “வாணாம்மா, எதுக்கு பேஜாரு” என்றார். இரண்டு முறை ஒருவர் மாட்டேன் என்றால் விட்டுவிட வேண்டும். எனக்குக் கஞ்சி போட்ட புடவை கண்ணிலேயே நின்றது. மூன்றாவது முறையும் போனேன்.

“மேஸ்திரிக்குத் தெரிஞ்சா என் வேல பூடும்மா. மூணு பொட்டப் புள்ளைங்க கீதுங்க.”

“முகமே தெரியாதுன்னு சொல்றேன் இல்ல? பின்னாலிருந்துதான் எடுப்பாங்க. நான் பொறுப்பு.”

“நீங்க பொறுப்புன்னா சரி” என்றார். அந்த ஒரு சொல் என் கழுத்தில் ஏறியது எனக்கு அப்போது தெரியவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, வேலை இல்லாத நாளாகப் பார்த்து, ரயில் ரோட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு காலிக் கொட்டகையில் எடுத்தார்கள். டைரக்டர் பாவப்பட்டு, உமி நிரப்பிய லேசான மூட்டையாகக் கொண்டுவரச் சொல்லியிருந்தார். அண்ணாத்த அதைத் தூக்கிப் பார்த்துவிட்டு இறக்கி வைத்துவிட்டார்.

“இத்த தூக்கினா நட வராது சார். மெய்யான மூட்ட இருந்தாத்தான் மெய்யான நட வரும்.”

டைரக்டர் உருகிப்போனார். “இதுதான் உண்மை, இதுதான் உண்மை” என்று கேமராக்காரரிடம் சொல்லிக்கொண்டே இருந்தார். சிமெண்ட் மூட்டை வந்தது. அண்ணாத்த பத்துப் பன்னிரண்டு தடவை நடந்தார். ஒவ்வொரு தடவையும் டைரக்டர் ஓடிப்போய், “காது தெரிஞ்சுதா? கன்னம் தெரிஞ்சுதா?” என்று சோதித்தார். ஒரு தடவை அண்ணாத்த என்னவோ கேட்கத் திரும்பிவிட்டார். “கட், கட்! அந்த ஷாட்டை வெட்டிடணும்!” என்று டைரக்டர் அலறிய அலறலில் தண்டவாளத்து ஓரம் மேய்ந்த ஆடு மிரண்டு ஓடியது. இவ்வளவு கவனமாக ஒருவர் முகத்தை யாரும் பாதுகாத்ததில்லை. என்னையும் எடுத்தார்கள். அரை நாள் வெயிலில் நின்றேன்.

நாலைந்து மாதம் கழித்து, விளம்பர வேன் புதுவாயலுக்கு வந்தது. அதில்தான் புரொஜெக்டரும் படச்சுருளும் வரும். இரண்டு மூங்கிலுக்கு நடுவில் வெள்ளைத் துணி கட்டினார்கள். கூட்டம் சேர்க்கும் பொறுப்பு என்னுடையது. நானே போய் மேஸ்திரியையும் ஒன்பது பேரையும் கூப்பிட்டேன். அண்ணாத்தயும் பயப்படாமல் வந்தார். முகம் வராது என்று நான்தான் சொல்லியிருக்கிறேனே. முன்வரிசையில் உட்கார்ந்து வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தார். பொழுது சாய்ந்ததும் படம் ஓட ஆரம்பித்தது.

முதலில் நான் வந்தேன். நான் என்றால், என் கை. ஒரு கையும் ஒரு பையும் திரையின் ஓரமாக வந்து போயின. புடவைக்குப் போட்ட கஞ்சி வீண்.

அடுத்து ஒரு முதுகு வந்தது. தலையில் மூட்டை. இடது தோள் கொஞ்சம் இறங்கி, வலது குதிகால் முன்னாடியே எழும்பி, இடுப்பில் பின்னால் செருகிய துண்டு ஆட ஆட, அந்த முதுகு நடந்தது. மூன்று தப்படிகூட வைத்திருக்காது.

“டேய்! நம்ம அண்ணாத்தடா!”

கத்தியவர் வரிசையில் இரண்டாவதாக நடப்பவர். முப்பதை நெருங்கியும் கல்யாணம் ஆகாத மனிதர். வருஷக்கணக்காகக் காலை முதல் சாயங்காலம் வரை அண்ணாத்தயின் முதுகைத்தவிர வேறெதையும் பார்க்காதவர். அவ்வளவு பெரிய துணியில் தனக்குத் தெரிந்த முதுகைக் கண்ட சந்தோஷத்தில் எழுந்து குதித்தார். மற்றவர்களும் சேர்ந்துகொண்டார்கள். “ஆமாண்டா, அண்ணாத்ததான்! அத்தோ துண்ட பாரு!” விசில், கைதட்டல்.

மூட்டை தூக்குகிறவர்களுக்கு ஒருவர் முகம் மற்றவருக்கு நாஷ்டா நேரத்தில்தான் தெரியும். மீதி நாளெல்லாம் முதுகுதான். மெட்ராஸ்காரர் முகத்தை மறைத்தார். முகத்தை வைத்து ஆளைத் தெரிந்துகொள்ளாத ஒரே கூட்டத்தின் நடுவில் அந்தப் படம் ஓடிக்கொண்டிருந்தது.

விசில் சத்தம் அடங்கும்போது ஒலிபெருக்கியில் அந்தக் கணீர்க் குரல் சொன்னது: “இந்த உழைப்பாளி கருத்தடை அறுவை சிகிச்சை செய்துகொண்டவர்.”

கூட்டம் கப்சிப். அண்ணாத்த உரித்த கடலையைக் கையிலேயே வைத்திருந்தார். திரையில் அவர் முதுகு அதுபாட்டுக்கு நடந்துகொண்டே இருந்தது. கணீர்க் குரல் செந்தமிழில் அவருடைய இன்ப வாழ்வை விளக்கிக்கொண்டே இருந்தது. மேஸ்திரி மெல்லத் திரும்பி முன்வரிசையைப் பார்த்தார். எனக்கு மண்ணுக்குள் போய்விடலாம்போல இருந்தது. அன்று நான் அழுதேன், அதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

மறுநாள் காலை அண்ணாத்தயின் கையில் துடைப்பம் இருந்தது. நான் போனபோது சிமெண்ட் தூசியைப் பெருக்கிக்கொண்டிருந்தார். என்னைத் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

“மூஞ்சி வராதுன்னீங்கோ. வரல. உங்க மேல தப்பில்லம்மா” என்றார். பிறகு கொஞ்ச நேரம் பெருக்கிவிட்டு, “எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டிருக்கலாம். உன்ன எத்த வெச்சி கண்டுபுடிப்பாங்கன்னு” என்றார்.

கேட்கவில்லை. தர்மத்தைப் பற்றி அரை மணி நேரம் பேசியவரும் கேட்கவில்லை, தலையாட்டியவளும் கேட்கவில்லை.

மேஸ்திரியிடம் போய்க் கத்தினேன். “எட்டு மாசமா, இல்ல, இப்போ ஒரு வருஷமா உங்க கண் முன்னாடி தூக்கறார். ஒரு மூட்டை எறங்கிச்சா?”

“அப்போ ஆபரேஷன் ஆயிருக்காது. ஆயிருந்தா எறங்கியிருக்கும்.”

பதில் என் பையில் இருந்தது. பதிவேட்டைத் திறந்து தேதியைக் காட்டினால் போதும். அந்தப் பக்கத்திலேயே அதே வரிசையில் நடக்கும் இன்னும் நாலு பேரும் இருந்தார்கள், அவரவர் செத்த மாமன்களின் தேதிகளோடு. திறந்தால் மேஸ்திரி வாயை அடைத்துவிடலாம், கூடவே நாலு பேர் கையில் துடைப்பமும் வந்துவிடலாம். கை பையின் வாயில் போய் நின்றது. கோபத்தில் நான் எதையும் செய்யக்கூடியவள். எப்படியோ அந்த ஒரு தடவை கையை வெளியே எடுத்துவிட்டேன்.

அந்த நேரம் பார்த்து லாரி வந்தது. முழு லோடு சிமெண்ட். வானம் வேறு கருத்திருந்தது. மேஸ்திரி “வாங்கடா” என்றார். வரிசையில் ஒருவர் லாரிப் பக்கம் போகாமல் வேப்பமர நிழலில் போய் உட்கார்ந்தார்.

“இன்னாடா?”

“எனுக்கும் தொடப்பம் குடு மேஸ்திரி. எனுக்கும் ஆயிடுச்சி.”

மேஸ்திரி வாயைத் திறப்பதற்குள் இன்னொருவர் போய் உட்கார்ந்தார். பிறகு இன்னொருவர். நாலாவது ஆளும் உட்கார்ந்தார். யாரும் சொல்லிவைத்துச் செய்ததாகத் தெரியவில்லை. ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கக்கூட இல்லை. லாரி டிரைவர் ஹாரனை அழுத்தினார். மேஸ்திரி விரலை மடக்கி, “அப்போ தையில செத்த மாமா... அந்த பள்ளிப்பட்டு மாமா...” என்று ஒவ்வொரு மாமனாக உயிர்ப்பித்துக்கொண்டு வந்தார். பதிவேட்டில் இருந்த நாலு பேரும் தாங்களாகவே உட்கார்ந்துவிட்டார்கள். கணக்கு சரியாக இருந்தது.

அப்புறம் ஐந்தாவதாக ஒருவர் போய் உட்கார்ந்தார். முந்தைய நாள் கத்திய அந்தக் கல்யாணம் ஆகாதவர்.

“உனுக்கு இன்னாடா? உனுக்கு இன்னும் கல்யாணமே ஆவலியே!”

“எனுக்கும் ஆயிடுச்சி மேஸ்திரி” என்றார் அவர் தரையைப் பார்த்தபடி. வாய் தவறிக் கத்திய குற்றத்துக்கு அவரிடம் இருந்த ஒரே பரிகாரம் அது.

முதல் தூறல் விழுந்தது. அண்ணாத்த துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டு மேஸ்திரியைப் பார்த்தார். மேஸ்திரி லாரியைப் பார்த்தார், வானத்தைப் பார்த்தார், நிழலில் உட்கார்ந்திருந்த தன் வரிசையில் பாதியைப் பார்த்தார். “எழுந்து வந்து தூக்கித் தொலைங்கடா!” என்றார். பெரிய மழைக்கு முன்னால் கடைசி மூட்டை கொட்டகைக்குள் போய்விட்டது. பாதி வழியில் ஒன்றும் இறங்கவில்லை. அதன்பிறகு மேஸ்திரி ஆபரேஷனைப் பற்றிப் பேசியதில்லை. மாமன் செத்தால் மட்டும் லீவு கிடையாது என்றார்.

கல்யாணம் ஆகாதவருக்குப் பார்த்திருந்த பெண் வீட்டில் இது தெரிந்து கலவரமாகி, அவருக்கு ஆபரேஷன் ஆகவில்லை என்று நான் போய்ச் சொல்ல வேண்டுமென்று அவருடைய அம்மா என்னிடம் வந்து அழுதது தனிக்கதை. யாருக்கு ஆயிற்று, யாருக்கு ஆகவில்லை என்று யாரிடமும் சொல்ல மாட்டேன் என்று ஊரெல்லாம் சத்தியம் செய்துவைத்திருந்தேன். கடைசியில் டாக்டரை அனுப்பினேன். அவர் சத்தியம் எதுவும் செய்திருக்கவில்லை.

டைரக்டருக்கு ஓர் இன்லேண்ட் லெட்டர் எழுதினேன். அதில் மூன்று பக்கமும் திட்டு. ஒரு நல்ல குணம் அவருக்கு, பதில் எழுதாமல் நேரிலேயே வந்துவிட்டார். நாஷ்டா நேரத்தில் எல்லோரும் இருக்கும்போது, மரத்தடியில் நின்று அண்ணாத்தயிடம் மன்னிப்புக் கேட்டார்.

“ஆனா நாங்க முகத்தைக் காட்டவே இல்லையே” என்று கடைசியில் ஒரு வால் சேர்த்தார். “ஆர்.கே.பேட்டையில, பள்ளிப்பட்டுல எல்லாம் போட்டாங்க. ஒருத்தருக்கும் தெரியலையே. வெறும் முதுகு. முதுகுல என்ன தெரியும்?”

அண்ணாத்த பொட்டலத்தை மடித்து வைத்தார். “சார், அங்கேந்து கொட்டாய் வரிக்கும் நடந்து காட்டுங்க. மூட்ட வாணாம். சும்மா நடங்க.”

டைரக்டர் சிரித்துக்கொண்டே நடந்தார். ஒன்பது பேரும் குந்தியபடி அவர் முதுகைப் பார்த்தார்கள், கண் இமைக்காமல், தொழில்காரர்கள் பார்க்கும் பார்வை. அவர் திரும்பி வந்ததும் அந்தக் கல்யாணம் ஆகாதவர்தான் முதலில் வாயைத் திறந்தார். அந்த வாய் திருந்தவே இல்லை.

“சாருக்கு எடது கால் குட்ட. சின்ன வயசுல ஜுரம் வந்திருக்கும்.”

“ஷூவுக்குள்ள அட்ட வெச்சி ஒசத்திக்கினு கீறாரு” என்றார் இன்னொருவர்.

“ஜோல்னாப் பைய அந்தப் பக்கம் மாட்டறது அத்த மறைக்கத்தான்” என்றார் மூன்றாமவர்.

டைரக்டரின் சிரிப்பு அப்படியே நின்றுவிட்டது. நான் அவரோடு எத்தனை நாள் அலைந்திருக்கிறேன், எனக்கு ஒன்றும் தெரிந்ததில்லை. அவர் மெதுவாக மண்ணில் உட்கார்ந்தார். தாடியோடு பார்த்த முகம் திடீரென்று சின்னப் பையன் முகமாகிவிட்டது. எனக்கே பாவமாக இருந்தது.

“அடுத்த மாசம் எனக்குக் கல்யாணம்” என்றார். “அவங்க வீட்டுல... இன்னும் சொல்லல. நானே சொல்லணும்னு இருக்கேன். தயவுசெய்து யார்கிட்டயும்...”

ஒருவரும் சிரிக்கவில்லை. அண்ணாத்த அவருக்குத் தண்ணீர்ச் சொம்பை நீட்டினார்.

“கவலப்படாதீங்க சார்” என்றார். “உங்க மூஞ்சிய யாருக்கும் காட்ட மாட்டோம்.”

பஸ் ஏற்றிவிட நானும் அண்ணாத்தயும் சாலை வரை போனோம். டைரக்டர் எங்கள் இரண்டு பேரையும், “நீங்க முன்னாடி போங்க, நீங்க முன்னாடி போங்க” என்று முன்னால் விட்டுவிட்டு, கடைசி வரை எங்களுக்குப் பின்னாலேயே நடந்து வந்தார்.